கும்மிடிப்பூண்டியில் மின்மினி

கும்மிடிப்பூண்டிக்குப் போகிறோம் என்று யாரிடமாவது சொல்லிப் பாருங்கள். "உத்தியோகம் கிடைத்துவிட்டதா?" என்று கேட்பார்கள். இல்லையென்றால், "வீடு கட்டக் கம்பி வாங்கவா?" என்பார்கள். மின்மினி பார்க்கப் போகிறோம் என்று சொன்னால், சொன்னவரை ஒரு முறை ஏற இறங்கப் பார்த்துவிட்டுப் பேச்சை மாற்றிவிடுவார்கள். நமக்கும் அந்த மரியாதை குறைவின்றிக் கிடைத்தது.

ஆனாலும் மின்மினி பார்ப்பது இந்நாளில் பெரிய யாத்திரையாகிவிட்டது. மகாராஷ்டிரத்தில் சகியாத்திரி மலைச்சாரலிலுள்ள புருஷ்வாடி, பண்டார்தரா முதலிய இடங்களுக்கு மே மாதக் கடைசியிலும் ஜூன் மாதத்திலும் பம்பாயிலிருந்தும் புனாவிலிருந்தும் ஜனங்கள் திரள் திரளாகப் போகிறார்கள். அமெரிக்காவில் ஸ்மோக்கி மலைப் பூங்காவில் எல்க்மான்ட் என்னும் இடத்திற்குப் போக ஆண்டுதோறும் குலுக்கல் போட்டுத்தான் அநுமதி தருகிறார்கள். நம் பாட்டிமார் வாசல் திண்ணையில் உட்கார்ந்தபடியே கண்ட காட்சிக்கு இன்று குலுக்கல் சீட்டு! "மின்மினியை எப்போது, எங்கே பார்க்கலாம்?" என்ற கேள்விக்கு விடை தேடும்போது, முதலில் நம் வாசலுக்கு எவ்வளவு தூரத்தில் அது இருக்கிறது என்று அறிவதே முறை அல்லவா? ஆகவேதான் ஆலைகளும் உலைகளும் நிறைந்த திருவள்ளூர் மாவட்டத்தின் வடகோடியை நாம் தேர்ந்துகொண்டோம்.

நெருப்பும் அல்ல, ஈயும் அல்ல

புறப்படும் முன்பு, பார்க்கப்போகும் பேர்வழியைப் பற்றிச் சிறிது தெரிந்துகொள்வோம். ஆங்கிலேயர் இதற்கு "நெருப்பு ஈ" என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அது நெருப்பும் அல்ல, ஈயும் அல்ல. வண்டு இனத்தைச் சேர்ந்தது. தமிழர் வைத்த பெயர் அதன் தொழிலையே சொல்கிறது: மின்னி, அணைந்து, மீண்டும் மின்னுவதால் மின்மினி. உலகில் இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட மின்மினி வகைகள் உண்டென்று கணக்கிட்டிருக்கிறார்கள்.

தூக்கணாங்குருவி மின்மினியைப் பிடித்துக் களிமண்ணில் பதித்துத் தன் கூட்டிற்கு விளக்கேற்றும் என்று கதை சொல்வார்கள். குருவி தன் கூட்டின் உட்புறத்தில் ஈரக் களிமண்ணை அப்புவது உண்மை. விளக்கேற்றுவது மட்டும் பாட்டிமாரின் கற்பனை. ஆனால் அழகான கற்பனை.

நாம் வானத்தில் காண்கிற மின்மினி, தன் வாழ்வின் கடைசி அத்தியாயத்தில் இருக்கிறது. அதன் முந்திய அத்தியாயங்கள் எல்லாம் தரையில் நடந்து முடிந்தவை. ஈர மண்ணில் இட்ட முட்டையிலிருந்து புழு வெளிவருகிறது. அந்தப் புழு ஓராண்டு, சில வகைகளில் அதற்கும் மேலாக, ஈரமண்ணிலும் சருகுக் குவியலிலும் வாழ்கிறது. சில வகைகளின் புழு தண்ணீரிலேயே வாழும். நத்தை, ஓடில்லாத நத்தை, மண்புழு ஆகியவை அதன் ஆகாரம். தன்னைவிடப் பெரிய நத்தையைக் கடித்து, விஷநீரைச் செலுத்திச் செயலிழக்கச் செய்து தின்றுவிடும். நெல் வயலில் நத்தைத் தொல்லையால் அவதிப்படும் குடியானவருக்குச் சம்பளம் கேளாத காவற்காரன் இவன். பிறகு மண்ணுக்குள் கூட்டுப்புழுவாகிச் சிறகு முளைத்து வெளிவருகிறது. அதன் பின்பு அதற்கு மிஞ்சியிருக்கும் ஆயுள் சில நாட்கள் அல்லது சில வாரங்களே. அந்தக் குறுகிய காலத்தில் பல வகைகள் ஏறக்குறைய ஆகாரமே கொள்வதில்லை. அவற்றிற்கு இருப்பது ஒரே வேலை: துணை தேடுவது. அதற்காகத்தான் விளக்கு.

ஆண் பறந்துகொண்டே மின்னுகிறது. பெண் பெரும்பாலும் புல்லிலோ புதரிலோ அமர்ந்து, இவ்வளவு நேரம் கழித்துத்தான் பதில் சொல்ல வேண்டும் என்ற கணக்குப்படி மின்னுகிறது. ஒவ்வொரு வகைக்கும் தனித்தனித் தாளம். தாளம் தவறிப் பதில் வந்தால் ஆண் திரும்பிப் பாராமல் போய்விடும். புழுப் பருவத்திலும் ஒளி உண்டு. ஆனால் அதற்கு அர்த்தம் வேறு. "நான் கசப்பு, என்னைத் தின்னாதே" என்று தவளைக்கும் பறவைக்கும் விடுக்கும் எச்சரிக்கை அது.

இந்த ஒளியில் சூடு இல்லை. பழைய இழை பல்பு தான் உண்ணும் மின்சாரத்தில் பெரும்பகுதியை வெப்பமாக வீணாக்கியது. மின்மினியோ தன் வயிற்றில் விளக்கை ஏற்றி வைத்துக்கொண்டும் சுடாமல் இருக்கிறது. இதன் மர்மத்தை 1880-களில் ரபேல் துய்புவா என்ற பிரெஞ்சு விஞ்ஞானி ஒளிவிடும் வேறொரு வண்டைக் கொண்டு ஆராய்ந்து, லூசிபெரின், லூசிபெரேஸ் என்ற இரு பொருள்கள் கலப்பதால் ஒளி பிறக்கிறது என்று கண்டார். 1947-ல் அமெரிக்காவில் வில்லியம் மெக்கெல்ராய் என்பவர் இன்னொரு படி முன்னேறினார். உயிருள்ள ஒவ்வோர் அணுவிலும் சக்தியைச் சுமக்கும் ஏ.டி.பி. என்ற பொருள் இல்லாமல் இந்த விளக்கு எரியாது என்று அவர் நிரூபித்தார். ஆராய்ச்சிக்கு வேண்டிய மின்மினிகளுக்காகப் பால்டிமோர் நகரத்துச் சிறுவர் சிறுமியருக்கு நூறு பூச்சிக்கு இருபத்தைந்து சென்ட் என்று விலை பேசி வாங்கினாராம். உயிர் இருக்கும் இடத்தில் ஏ.டி.பி. இருக்கும், ஏ.டி.பி. இருந்தால் மின்மினிச் சரக்கு ஒளிரும். ஆகவே ஆகாரத் தொழிற்சாலைகளில் பாத்திரங்கள் சுத்தமாக இருக்கின்றனவா, கிருமி ஒட்டியிருக்கிறதா என்று சோதிக்க இன்று அதே முறையைக் கையாளுகிறார்கள்.

ஆனைமலையின் தீபாவளி

தமிழ்நாட்டில் மின்மினிக்குத் தலைநகரம் எது என்று கேட்டால், ஆனைமலை என்றே சொல்ல வேண்டும். பொள்ளாச்சிக்குத் தெற்கே, டாப்சிலிப்பைச் சேர்ந்த உலாந்தி வனச்சரகத்தில், 2022-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் வன இலாகாவினரும் ஆராய்ச்சியாளரும் சேர்ந்து இரவு இரவாகக் காட்டில் இருந்து கணக்கெடுத்தார்கள். அங்கே கண்டவை அப்ஸ்காண்டிடா என்ற பேரினத்தைச் சேர்ந்த மின்மினிகள். ஒரு மரத்தில் தொடங்கிய மின்னல் பக்கத்து மரத்திற்குத் தாவி, அதிலிருந்து அடுத்ததற்குத் தாவி, கடைசியில் காடு முழுவதும் ஒரே சமயத்தில் மின்னி, ஒரே சமயத்தில் இருளும். பல நிமிஷ நேரத்துப் படங்களை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கி எடுத்த அந்தப் புகைப்படங்கள், பச்சையும் மஞ்சளும் கலந்த ஒளியைக் காடெங்கும் அள்ளித் தெளித்தாற்போல் காட்சி தந்து உலகெங்கும் பரவின.

ஆனால் நேயர்கள் உடனே மூட்டை கட்டிவிட வேண்டாம். 2007-ல் புலிகள் காப்பகமாக்கப்பட்ட இடம் அது. யானையும் சிறுத்தையும் உலவும் அக்காட்டில் இரவில் நம் இஷ்டப்படி நடமாட இடமில்லை. அது நியாயமான தடையே. காட்டிற்குள் நூறு மோட்டார் வண்டிகள் முகவிளக்கைப் போட்டுக்கொண்டு நுழைந்தால், அங்கே பார்ப்பதற்கு மின்மினி மிஞ்சாது. பெண் பூச்சிகள் தரையிலும் புல்லிலும் இருப்பதால், பார்க்க வந்தவர்களின் காலடியிலேயே அடுத்த ஆண்டின் மின்மினிகள் நசுங்கிப்போகக்கூடும்.

மலேயாவில் உறவினர் உள்ள குடும்பங்களுக்கு வேறொரு வாய்ப்பு உண்டு. சிலாங்கூர் நதிக்கரையில், கோலசிலாங்கூருக்கு அருகே கம்போங் குவாந்தான் என்ற கிராமத்தில், ஆற்றோரத்து பெரெம்பாங் மரங்களில் மின்மினிகள் கூட்டமாக அமர்ந்து தாளம் தப்பாமல் ஒருமிக்க மின்னுகின்றன. துடுப்புப் படகில் ஓசையின்றிப் போய்ப் பார்த்து வரலாம். கடலோர நாடுகளில் கழிமுக மரங்கள் மின்மினிக்கு எவ்வளவு முக்கியம் என்பதற்கு அது சாட்சி.

வடக்கு நோக்கி ஒரு ரயில்

இனி நம் பிரயாணம். சென்னை சென்ட்ரலின் பக்கத்திலிருந்து புறப்படும் மின்சார ரயில் திருவொற்றியூர், எண்ணூர், மீஞ்சூர், பொன்னேரி, கவரப்பேட்டை என்று நின்று நின்று கும்மிடிப்பூண்டி சேருகிறது. ஐம்பது கிலோமீட்டருக்குச் சற்றுக் குறைந்த தூரம். மாலை வேளையில் இந்த ரயிலில் போகிறவர் ஜன்னலோரம் உட்கார்ந்தால், விளக்கின் சரித்திரம் முழுவதையும் பார்த்துவிடலாம். எண்ணூரைத் தாண்டியதும் அத்திப்பட்டு அனல் மின் நிலையத்தின் புகைபோக்கிகள் வானத்தை முட்டி நிற்கின்றன. நம் வீட்டுக் கூடத்தில் எரியும் விளக்கு பிறக்கும் இடங்களில் அது ஒன்று. மீஞ்சூருக்கு அப்பால் வயல்கள் தென்படுகின்றன. பொன்னேரியில் ஆரணியாறு பழவேற்காட்டு ஏரியை நோக்கிப் போகிறது. கும்மிடிப்பூண்டியில் மறுபடியும் வெளிச்சம்: 1971-ல் சர்க்கார் நிறுவிய சிப்காட் கழகம் அமைத்த தொழிற்பேட்டை, இரும்பு உருக்கும் ஆலைகள், கல்கத்தா நெடுஞ்சாலையில் ஓயாத லாரிகள்.

ஆனால் வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். இந்த மாவட்டம் ஏரிகளின் மாவட்டம். சென்னைக்குத் தண்ணீர் தரும் பூண்டி நீர்த்தேக்கம் இங்கேதான் இருக்கிறது. சென்னை மேயராக இருந்த தீரர் சத்தியமூர்த்தியின் முயற்சியால் தொடங்கி, அவர் மறைந்த மறு வருஷம், 1944-ல் முடிந்த வேலை அது. இன்றும் அவர் பெயரையே தாங்கி நிற்கிறது. புழலும் சோழவரமும் இம்மாவட்டத்தைச் சேர்ந்தவையே. கும்மிடிப்பூண்டிக்கு மேற்கே கண்ணன்கோட்டை-தேர்வாய் கண்டிகையில் 2020-ல் புதிய நீர்த்தேக்கம் ஒன்றும் திறக்கப்பட்டது. இவற்றைத் தவிர ஊருக்கு ஊர் சிற்றேரிகள், குளங்கள், கால்வாய்கள். ஈர மண், நத்தை, புல், இருட்டு ஆகிய நான்கும் சேர்ந்த இடத்தில் மின்மினி இருக்கும். முதல் மூன்றும் இம்மாவட்டத்தில் ஏராளம். நான்காவதற்குத்தான் பஞ்சம்.

நாம் போனது ஐப்பசி மாதம். முந்தின இரண்டு நாட்களும் நல்ல மழை. ஸ்டேஷனிலிருந்து மேற்கே சில மைல் தூரத்தில், சம்பா நாற்று வேர்பிடித்து நின்ற வயல்களுக்கு நடுவே, ஒரு சிற்றேரியின் கரையில் உள்ள கிராமம். அங்கே நமக்கு வழிகாட்டியவர் எழுபது வயது கடந்த குடியானவர் ஒருவர். வந்த காரியத்தைச் சொன்னதும், அவர் சிரிக்கவில்லை.

"மின்மினியா? கரையில வெளக்கு போட்ட பக்கம் பாக்க முடியாதுங்க. மதகுக்கு அந்தாண்ட போவணும். என் சின்ன வயசுல வெளக்கே இல்ல, ஊரே மின்மினிதான்" என்றார்.

மதகு வரையில் கம்பங்கள் நட்டு வெள்ளை விளக்குப் போட்டிருந்தார்கள். அந்த வெளிச்சம் கரையோடு நிற்காமல் ஏரித் தண்ணீரிலும் எதிர்ப்புறத்து வயலிலும் பரவிக் கிடந்தது. கிழக்கே அடிவானத்தில் தொழிற்பேட்டையின் ஒளி மேகத்தில் பட்டு மங்கிய செம்மஞ்சளாகத் தெரிந்தது. விளக்கின் கீழே ஈசல்களும் சிறு வண்டுகளும் சுற்றிச் சுற்றி விழுந்துகொண்டிருந்தன. மின்மினி ஒன்றுகூட இல்லை.

மதகைத் தாண்டிப் பனைமர வரிசைக்குப் பின்னால் போய் நின்றோம். கால் மணி நேரம் வரையில் தவளைச் சத்தத்தைத் தவிர வேறொன்றும் அகப்படவில்லை. கண் இருட்டுக்குப் பழகப் பழக, வாய்க்கால் ஓரத்துக் கோரைப் புல்லின் மேல் ஒரு பச்சைப் பொட்டு தோன்றி மறைந்தது. இரண்டு முழம் தள்ளி மறுபடியும் தோன்றியது. பிறகு இன்னொன்று, தாழை மறைவில் மூன்றாவது. அரை மணி நேரத்தில் எண்ணிப் பார்த்ததில் முப்பது, நாற்பது இருக்கலாம். ஆனைமலையின் கோலாகலம் இங்கே இல்லை. ஆனால் ஒவ்வொரு பொட்டையும் தனித்தனியே பின்தொடர முடிந்தது. மேலே ஒன்று மின்னுவதும், சிறிது தாமதித்துக் கீழே புல்லிலிருந்து பதில் வருவதும், மேலிருந்தது சட்டென்று இறங்குவதும் கண்ணுக்குத் தெளிவாகத் தெரிந்தன. உடன் வந்த குழந்தைகள் மூச்சுக்கூட விடாமல் நின்றார்கள்.

விளக்குக்கு ஒரு வழக்கு

திரும்பி வந்து பெரியவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்தோம். கரையில் போட்ட விளக்கைப் பற்றிக் குறையாக ஏதோ சொன்னோம். உள்ளேயிருந்து டீ கொண்டுவந்த அவருடைய மருமகள் அதைக் கேட்டுக்கொண்டே வந்தார். தொழிற்பேட்டையில் வேலை பார்க்கிறவர் அவர். அந்த வாரம் காலை ஷிப்ட். அடுத்த வாரம் மாலை ஷிப்ட். மாலை ஷிப்ட் முடிந்தால் கம்பெனி பஸ் நெடுஞ்சாலை முனையில் இறக்கிவிடும். அங்கிருந்து ஏரிக்கரை வழியாகத் தனியே நடந்துதான் வீடு வர வேண்டும்.

"ஐயா, தப்பா நெனைக்காதீங்க. அந்த வெளக்குக்காக மூணு வருஷம் மனு குடுத்தோம். கண்ணாடி விரியன் கெடக்கிற கரை அது. நீங்க ஒரு நாள் பாத்துட்டுப் போயிடுவீங்க, நான் தெனமும் நடக்கணும்" என்றார்.

இதற்கு என்ன பதில் சொல்வது? நகரத்தில் இரவெல்லாம் வெளிச்சத்தில் வாழ்ந்துவிட்டு, கிராமத்தைப் பார்த்து, "உனக்கு எதற்கு விளக்கு? இருட்டுத்தான் அழகு!" என்று உபதேசம் செய்வது எளிது, அது நியாயம் ஆகாது. வேலைக்குப் போய் நள்ளிரவில் வீடு திரும்பும் பெண்ணுக்கு வழியில் வெளிச்சம் வேண்டும். இதில் இரண்டாவது பேச்சுக்கு இடமில்லை.

ஆனால் அவரே சற்று யோசித்துவிட்டு, இன்னொன்றும் சொன்னார்: "எனக்கு நடக்கிற பாதை தெரிஞ்சாப் போதும். ஏரி பூரா எனக்கு எதுக்கு வெளிச்சம்?"

நாம் படித்த ஆராய்ச்சிகளின் சாரம் முழுவதும் அந்த ஒரு வாக்கியத்தில் இருந்தது. உலகெங்கும் உள்ள மின்மினி நிபுணர்களைக் கேட்டு 2020-ல் வெளியிட்ட ஆய்வு ஒன்றில், மின்மினிக்கு வந்த ஆபத்துக்களில் முதன்மையானவை மூன்று என்று கண்டார்கள்: வாழும் இடம் அழிவது, செயற்கை வெளிச்சம், பூச்சிமருந்து. பூச்சிமருந்து, மண்ணில் ஓராண்டு வாழும் புழுவையும் அதன் ஆகாரமான நத்தையையும் கொல்கிறது. ஏரியின் ஓரத்தைச் சிமெண்டு பூசி மூடினால் அது முட்டையிட இடமில்லை. வெளிச்சமோ கொல்லாமல் கொல்கிறது. ஆணின் கண்ணுக்குப் பெண்ணின் சிறு விளக்குத் தெரியாமல் போகிறது. பதில் தெரியாவிட்டால் சந்திப்பு இல்லை. சந்திப்பு இல்லாவிட்டால் முட்டை இல்லை. இரண்டு மூன்று பருவத்தில் அந்த வாய்க்காலோரம் காலியாகிவிடும். யாரும் எதையும் அடித்துக் கொன்றதாகத் தோன்றாது.

வெளிச்சம் எவ்வளவு வேகமாகப் பெருகுகிறது தெரியுமா? 2011 முதல் 2022 வரையில் பல நாடுகளிலும் சாதாரண மனிதர்கள் இரவில் நட்சத்திரங்களைப் பார்த்து அனுப்பிய ஐம்பதாயிரத்துக்கு மேற்பட்ட குறிப்புக்களை விஞ்ஞானிகள் ஆராய்ந்தார்கள். அந்த இடங்களில் இரவு வானத்தின் வெளிச்சம் சராசரியாக ஆண்டுக்கு நூற்றுக்கு 9.6 வீதம் ஏறி வந்திருக்கிறது என்று 2023-ல் வெளியிட்டார்கள். இந்தக் கணக்குப்படி எட்டு வருஷத்தில் வெளிச்சம் இரட்டிப்பாகிறது. பிறக்கும்போது ஒரு குழந்தை காணும் நட்சத்திரங்களில் பாதிக்கு மேற்பட்டவை, அது வளர்ந்து பெரியவனாகும்போது மறைந்துவிடும்.

இவ்வளவுக்கும், அந்த வெளிச்சத்தில் பெரும்பகுதி யாருக்கும் உபயோகமின்றி வானத்துக்கும் தண்ணீருக்கும் போகிறது. விளக்கின் தலையில் ஒரு தகட்டு மூடி வைத்துத் திருப்பிவிட்டால், அதே விளக்கு பாதையை மட்டும் காட்டும். விரியனும் தெரியும், வயலும் இருண்டிருக்கும். ஆள் நடமாட்டத்தை உணர்ந்து எரியும் விளக்குகளும் இப்போது கடையில் கிடைக்கின்றன. ஆலைகளின் மதில் விளக்குகளுக்கும் இதே மருந்துதான். செலவு அதிகமில்லை, மின்சாரமும் மிச்சம்.

எப்போது, எங்கே, எப்படி?

இந்த வருஷம் பார்க்க விரும்பும் குடும்பங்களுக்குச் சில யோசனைகள் சொல்கிறோம்.

காலம்: தரை நன்றாக நனைந்த பிறகு, காற்றடங்கிய, புழுக்கமான இரவு. மலைப்பக்கங்களில் கோடை மழை தொடங்கும் சித்திரை, வைகாசி. நம் வடதமிழ்நாட்டுச் சமவெளியில் புரட்டாசியின் மாலை மழைக்குப் பிறகும், ஐப்பசி, கார்த்திகையில் அடைமழை விட்ட இடைவெளிகளிலும் பார்க்கலாம். கொட்டும் மழையில் பயனில்லை.

நாள்: இதற்குப் பஞ்சாங்கம் உதவும். தேய்பிறைப் பஞ்சமி முதல் வளர்பிறைத் திரிதியை வரையில் மாலை வேளையில் நிலவின் தொந்தரவு அநேகமாக இராது. ஐப்பசி அமாவாசையை ஒட்டித் தீபாவளி வருவதால், அந்த இரண்டு மூன்று நாட்களை மட்டும் பட்டாசுக்கு விட்டுவிடுங்கள்.

நேரம்: இருட்டிய அரை மணிக்குப் பிறகு, ஏழு முதல் ஒன்பது மணி வரை.

இடம்: விளக்கில்லாத வாய்க்கால் ஓரம், ஏரியின் பின்கரை, பழைய தோப்பு, பூச்சிமருந்து அதிகம் தெளிக்காத வயல் வரப்பு. திருவள்ளூர், ஊத்துக்கோட்டை, பொன்னேரி, கும்மிடிப்பூண்டி தாலுக்காக்களில் உறவினரோ சிநேகிதரோ இல்லாத சென்னைக் குடும்பம் அபூர்வம். அவர்களிடம் கேளுங்கள். ஊரில் வயதானவர்களுக்கு இடம் தெரியும். நீர்த்தேக்கங்களின் கரையில் இரவில் அநுமதியின்றி நுழைய வேண்டாம். காப்புக் காடுகளிலும் அப்படியே. ஊர்க்காரர் ஒருவர் துணையில்லாமல் எங்கும் போகக்கூடாது.

முறை: முழங்கால் வரை மூடிய செருப்போ பூட்ஸோ அணிந்து, கையில் தடியுடன் நடக்க வேண்டும். தரையைத் தட்டிக்கொண்டே நடந்தால் பாம்பு விலகிப் போகும். டார்ச்சின் முகத்தில் சிவப்புக் கண்ணாடிக் காகிதம் சுற்றி, நடக்கும்போது மட்டும் தரையை நோக்கிப் பிடிக்க வேண்டும். நின்றவுடன் அணைத்துவிட வேண்டும். கண் இருட்டுக்குப் பழக இருபது நிமிஷமாவது ஆகும். நடுவில் ஒருவர் தொலைபேசியை எடுத்துப் பார்த்தால், அனைவருடைய இருபது நிமிஷமும் வீண். கொசுவுக்குத் தைலம் பூசிய கையால் பூச்சியைத் தொடவேண்டாம். முழுக்கைச் சட்டையே உத்தமம். பாதையை விட்டுப் புல்லில் இறங்கக்கூடாது. பெண் மின்மினி அங்கேதான் இருக்கும். பிடித்துப் புட்டியில் அடைக்கும் விளையாட்டு வேண்டவே வேண்டாம். அதற்கு மிஞ்சியிருப்பது சில நாள் ஆயுள். அதில் ஓரிரவு என்பது நமக்குச் சில வருஷங்களுக்குச் சமானம்.

ஜூலை மாதத்தின் முதல் சனி, ஞாயிறுகளை உலக மின்மினி நாளாக 2018 முதல் கொண்டாடி வருகிறார்கள். நம் ஊரில் அப்போது மழை சரியாகப் பிடித்திராது. ஆகவே நமக்கு அதைவிடப் பொருத்தமான நாள் ஒன்று இருக்கிறது. அக்டோபர் 2, காந்தி ஜயந்தியன்று ஒவ்வொரு பஞ்சாயத்திலும் கிராம சபை கூடுகிறது. வடகிழக்குப் பருவமழைக்குச் சில வாரங்களுக்கு முன்பு வரும் நாள் அது. கிராமத்தில் வாக்குள்ள எவரும் அதில் எழுந்து பேசலாம், தீர்மானம் கொண்டுவரலாம். "ஏரிக்கரை விளக்குகளை அகற்ற வேண்டாம், பாதையை நோக்கித் திருப்பி மூடி போடுங்கள், எரியாத கம்பங்களை உடனே சரி செய்யுங்கள்" என்று அந்த மருமகள் கேட்கப்போவதாக நம்மிடம் சொல்லியிருக்கிறார். கிராமத்தில் வாக்கும் உறவும் உள்ள நேயர்கள் தத்தம் ஊரிலும் இதே தீர்மானத்தைக் கொண்டுவரலாம். நகரத்திலுள்ளவர்கள் அதுவரையில் தங்கள் மொட்டைமாடி விளக்கை ஒன்பது மணிக்கு அணைத்து வைக்கலாம்.